மதிலும் மருந்தும் கவாத்தும்: தமிழின் படைச்சொற்கள் போன வழி

நெய்வேலியைச் சுற்றியுள்ள ஊர்களில் அன்றாடம் புழங்கும் சில சொற்கள் போர்க்களத்தில் பிறந்தவை. பழுப்பு நிலக்கரி எடுக்கும் இடத்துக்குச் சுரங்கம் என்று பெயர். முத்தாண்டிக்குப்பத்திலிருந்து வேலைக்குப் போகிறவர் 'மைன்ஸ்' என்றுதான் சொல்வார். செய்தித்தாளிலும் பலகையிலும் அது முதல் சுரங்கம், இரண்டாம் சுரங்கம். அங்கே குடைந்த வழி எதுவும் கிடையாது, வானம் பார்த்த பெரும்பள்ளம்தான். ஆனாலும் சொல் ஒட்டிக்கொண்டது. வடமொழி அர்த்தசாத்திரத்தில் 'சுருங்கா' என்று வரும் இந்தச் சொல்லைக் கிரேக்கத்தின் 'சிரிங்க்ஸ்' என்பதோடு மொழியறிஞர்கள் இணைக்கிறார்கள். கோட்டைக்குள் ஒளிந்து நுழையவும் வெளியேறவும் மண்ணுக்கடியில் தோண்டிய வழி அது. ஆங்கிலத்தில் 'மைன்' என்றாலும் அதே கதைதான். எதிரியின் மதிலை அடியில் குடைந்து சரிக்கும் வேலைக்கு அந்தப் பெயர் இருந்தது. கண்ணிவெடிக்கு அதே பெயர் வந்தது அந்த வழியில்தான்.

அந்தச் சுரங்கத்தில் வேலை பார்ப்பவர் பொறியாளர். சிலப்பதிகாரத்தில் கண்ணகி மதுரைக் கோட்டைக்குள் நுழையும் இடத்தில் மதில்மேல் நிற்கும் போர்க்கருவிகள் வரிசையாக வருகின்றன. அவற்றுக்கெல்லாம் பொதுப்பெயர் பொறி. ஊரைச் சுற்றியிருக்கும் முந்திரித் தோப்பில் கிளை கழிப்பதைக் கவாத்து என்கிறார்கள். 18ஆம் நூற்றாண்டில் கடலூர்க் கோட்டையில் சம்பளம் வாங்கிய சிப்பாய்க்குக் கவாத்து என்றால் வேறு: அணிவகுத்து நின்று துப்பாக்கியைத் தோளில் ஏற்றி இறக்கும் பயிற்சி. உச்சரிப்பு ஒன்று, தொழில் இரண்டு.

தமிழுக்கு இவ்வளவு பழைய படைச்சொல் மரபு இருந்தும் இன்றைய தமிழ்ப் படைவீரன் தன் தொழிலைத் தமிழில் பேச முடியாமல் இருப்பது ஏன் என்பதுதான் இந்தக் கட்டுரையின் கேள்வி. வழக்கமாகச் சொல்லப்படும் விடைகள் இரண்டு. அயலார் ஆட்சி நம் சொற்களை அழித்துவிட்டது என்பது ஒன்று. புதிய பொருள் வரும்போது அதன் பெயரும் கூடவே வரும், அதில் வருந்த ஒன்றுமில்லை என்பது மற்றொன்று. இரண்டும் பாதிதான் சரி. அயலாட்சிதான் காரணம் என்றால், எல்லா ஆட்சியையும் தாண்டி அகழியும் மதிலும் கொத்தளமும் நிலைத்திருப்பதற்கு விளக்கம் வேண்டும். பொருளோடு பெயர் வரும் என்றால், துப்பாக்கியோடு வந்த வெடிமருந்துக்கும் குண்டுக்கும் தமிழ்ப்பெயர் கிடைத்தது எப்படி என்று கேட்க வேண்டியிருக்கிறது. ஒவ்வொரு வேலையிலும் யார் கை வைத்தார்கள், யார் குரல் கொடுத்தார்கள் என்று பார்த்தால்தான் முடிச்சு அவிழ்கிறது. கோட்டையைக் கட்டிய கை உள்ளூர்க்கை, சொல்லும் உள்ளூர்ச்சொல். பயிற்சி கொடுத்த குரல் வெளியூர்க்குரல், சொல்லும் வெளியூர்ச்சொல்.

கோட்டையிலிருந்து தொடங்கலாம், ஏனென்றால் தமிழின் செழிப்பான பகுதி அதுதான். தொல்காப்பியம் போரை ஏழு திணையாகப் பிரித்தபோது கோட்டைப்போருக்கென்றே உழிஞை என்று ஒரு திணை வைத்தது. கோட்டைக்குள்ளிருந்து காப்பதை அதற்குள்ளேயே அடக்கியது. பின்னால் வந்த புறப்பொருள் வெண்பாமாலை அதை நொச்சி என்று தனித்திணையாக்கியது. வளைப்பவனுக்கு ஒரு பூ, காப்பவனுக்கு ஒரு பூ என்று பிரிக்கும் அளவுக்கு அந்தப் போர்முறை மக்கள் மனத்தில் இருந்திருக்கிறது. திருக்குறளின் 75ஆம் அதிகாரம் அரண். நீர், வெட்டவெளி, மலை, காடு ஆகிய நான்கும் அரணுக்கு உறுப்பு என்றும், மதிலுக்கு உயரமும் அகலமும் உறுதியும் நெருங்க முடியாமையும் வேண்டும் என்றும் ஒரு கட்டடக் கலைஞரின் தெளிவோடு வள்ளுவர் சொல்கிறார். எயில், இஞ்சி, புரிசை, மதில் என்று சுவருக்கே பல பெயர். காவற்காட்டுக்கு மிளை. மதிலின்மேல் வீரன் உடலை மறைத்துக்கொண்டு அம்பு விடும் உறுப்புக்கு ஞாயில். அகழிக்குக் கிடங்கு.

கிடங்கு என்ற சொல் வந்த தூரம் வியப்பானது. திண்டிவனத்தை ஒட்டிய கிடங்கில், சிறுபாணாற்றுப்படையின் தலைவனான நல்லியக்கோடனின் ஊர். அகழியின் பெயரே ஊர்ப்பெயரில் இருக்கிறது. இன்று கிடங்கு என்றால் நெல் மூட்டை அடுக்கும் இடம். அரண் தனிச்சொல்லாகப் பேச்சிலிருந்து போனாலும் அரண்மனைக்குள் பத்திரமாக இருக்கிறது. எஃகு என்பது ஒரு காலத்தில் கூரிய வேலைக் குறித்தது, இப்போது உலோகத்தின் பெயர்.

சிலப்பதிகாரத்தின் பொறிகளைப் பற்றி ஒன்று சொல்லியாக வேண்டும். குரங்குபோல் இருந்து நெருங்கியவரைக் கடிப்பது, பன்றிபோல் கொம்பால் கிழிப்பது, மீன்கொத்திபோல் பாய்ந்து குத்துவது, மதிலைப் பிடித்து ஏறுகிறவன் கையைத் துளைக்கும் ஊசி, காய்ச்சிய நெய்யும் உலோகமும் ஊற்றும் கலங்கள் என்று அடியார்க்கு நல்லார் ஒவ்வொன்றுக்கும் உரை எழுதுகிறார். இவற்றை அப்படியே வரலாறு என்று கொண்டு பழந்தமிழர் இயந்திரப் படை வைத்திருந்தனர் என்று எழுதுவோர் இருக்கிறார்கள். முழுக்கக் கற்பனை என்று ஒதுக்குவோரும் இருக்கிறார்கள். எனக்குத் தோன்றுவது: கருவிகளின் அளவும் ஆற்றலும் காவியத்துக்காகக் கூடியிருக்கலாம், பெயர்கள் கூடியிருக்க முடியாது. விலங்கின் பெயரைக் கருவிக்கு வைப்பது அதைச் செய்தவனும் இயக்கியவனும் பேசிக்கொள்ளும் முறை. புலவன் அதைக் காதால் கேட்டுத்தான் எழுதியிருக்க வேண்டும்.

சோழர் காலத்தில் இந்தச் சொல்லுலகம் கல்லில் ஏறியது. தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டுகளில் வேளைக்காரர், தெரிந்த கைக்கோளர், வில்லிகள், குதிரைச்சேவகர், ஆனையாட்கள் என்று படைப்பிரிவுகள் பெயரோடு நிற்கின்றன. 'தெரிந்த' என்றால் பொறுக்கி எடுத்த. ஒரு சிறப்புப் படைக்கு இதைவிடச் சுருக்கமான தமிழ்ப்பெயர் இன்றும் நம்மிடம் இல்லை. சேனாபதி, தண்டநாயகம் போன்ற வடமொழிப் பட்டங்கள் மேல்மட்டத்தில் கலந்திருந்தன, படைப்பிரிவின் பெயர் தமிழாகவே இருந்தது. நம் பகுதியில் இதற்கு ஒரு முக்கியமான சான்று கடலூரை அடுத்த திருவந்திபுரத்தில் இருக்கிறது. மூன்றாம் இராசராசனைக் காடவர் தலைவன் கோப்பெருஞ்சிங்கன் சேந்தமங்கலத்தில் சிறைவைத்ததையும், போசள மன்னன் நரசிம்மன் அனுப்பிய தளபதிகள் ஊர் ஊராக அழித்துக்கொண்டு வந்து அவனை மீட்டதையும் சொல்லும் 13ஆம் நூற்றாண்டுக் கல்வெட்டு அது. தளபதிகளின் பட்டம் தண்டநாயகர் என்பது கன்னட நாட்டு வழக்கில் தேய்ந்த வடிவம். அந்தத் தேய்ந்த வடிவம் பவானிசாகர் அணைக்குள் மூழ்கிய தணாயக்கன்கோட்டையின் பெயராகவும் ஆனது. தமிழ்நாட்டுப் போரில் கட்டளைக் குரல் வேறு மொழிக்கு மாறத் தொடங்கியதன் முதல் தடங்களில் இதையும் வைக்கலாம்.

செஞ்சி இந்த மாற்றத்தின் பாடநூல். கோனார் தலைவர்கள், நாயக்கர், 1649இல் பீஜப்பூர், 1677இல் சிவாஜி, எட்டு ஆண்டு முற்றுகைக்குப் பின் 1698இல் மொகலாயர், 1750இல் பிரெஞ்சுக்காரர், 1761இல் ஆங்கிலேயர் என்று கொடி மாறிக்கொண்டே இருந்தது. கோட்டையின் உறுப்புகளுக்கு மக்கள் வழங்கும் பெயரோ பெரும்பாலும் மாறவில்லை: அகழி, மதில், களஞ்சியம், ஆனைக்குளம், சக்கரைக்குளம், வெடிமருந்துக் கிடங்கு. குதிரை கட்டும் லாயம் தெலுங்கு கன்னட வழக்கோடு சேர்ந்தது. கொத்தளம் கன்னடத்தோடு நாம் பகிர்வது. தஞ்சாவூரின் கீழ அலங்கம், வடக்கு அலங்கம் என்ற தெருப்பெயர்களில் வரும் அலங்கம் என்ற கோட்டைச்சொல்லும் அப்படியே. எல்லாம் அண்டை வீட்டுச் சொற்கள். பாரசீகம் பேசிய தளபதியும் மராத்தி பேசிய கில்லேதாரும் (கோட்டைத் தலைவரும்) ஆண்ட இடத்தில் இந்தச் சொற்கள் எப்படித் தங்கின? அகழி வெட்டியவரும் கல் உடைத்தவரும் சுண்ணாம்பு அரைத்தவரும் இந்த மண்ணின் ஆட்கள். கோட்டை பழுதானால் அவர்களைத்தான் கூப்பிட வேண்டும், அவர்கள் சொல்லில்தான் வேலை நடக்கும். 1801இல் பாஞ்சாலங்குறிச்சியின் மண்கோட்டை மார்ச் 31ஆம் தேதித் தாக்குதலை முறியடித்து, மே 24 வரை ஆங்கிலக் கும்பெனிப் படையைத் தாக்குப்பிடித்தது. அதைக் கட்டியவர்களின் பெயர் எந்த ஆவணத்திலும் இல்லை, சொல் இருக்கிறது.

2025 ஜூலையில் யுனெஸ்கோ மராத்தியப் படைநிலப்பரப்பு என்ற தலைப்பில் பன்னிரண்டு கோட்டைகளை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. பதினொன்று மகாராஷ்டிரத்தில், ஒன்று நம் செஞ்சி. அந்த ஒன்றில் புதிதாக வைக்கப்படும் எந்தப் பலகையும் ஆங்கிலத்திலிருந்து பெயர்த்த சொல்லைப் போடாமல், மலையடிவார மக்கள் தலைமுறையாகச் சொல்லிவரும் பெயரைப் போட வேண்டும் என்பது என் விருப்பம் மட்டுமல்ல, கோரிக்கையும்கூட.

ஆயுதத்துக்கு வருவோம். வேல், வாள், வில், கணை, கேடயம் ஆகியவற்றைப் பற்றிப் புலவர்கள் நிறைய எழுதிவிட்டார்கள். செங்கம் பகுதி நடுகற்களில் ஆநிரை மீட்கும் சண்டையில் விழுந்தவனின் கையில் வில்லும் குறுவாளும் இருக்கும். 'பட்டான்' என்ற ஒரே வினையில் அவன் கதை முடியும். நான் நிற்க விரும்புவது வெடிமருந்து வந்த பிறகு நடந்ததில்.

பீரங்கி என்பது 'பிரங்கி' என்ற பாரசீக வழிச் சொல். ஐரோப்பியனுக்குக் கிழக்கு நாடுகள் வைத்த பெயர். பாபரின் நினைவுக்குறிப்புகளிலேயே ஒருவகைப் பீரங்கிக்கு அந்தப் பெயர் உண்டு. நம் கடலூர் மாவட்டத்தில் அந்தச் சொல் பறங்கிப்பேட்டை என்ற ஊராகவும், பறங்கிக்காய் என்ற காயாகவும் உட்கார்ந்திருக்கிறது.  துப்பாக்கி துருக்கி மொழியின் வழி வந்தது. ஈழத்தில் அதைத் துவக்கு என்பார்கள். தோட்டா இந்துஸ்தானி. 'பவுஜ்' என்ற பாரசீகச் சொல் பவுஞ்சு என்று தமிழாகிப் பின்பு செத்தே போனது.

ஆனால் துப்பாக்கிக்குள் போடும் பொருளுக்குப் பெயர் மருந்து. சீனர்கள் அதை நெருப்பு மருந்து என்றார்கள். பாரசீகத்தில் 'தாரு' என்பது நோய்க்கும் வெடிக்கும் பொது. தமிழனும் அதே வழியில் வெடிமருந்து என்றான். உப்பு எடுக்கும் மண்ணைத் தெரிந்தவன் வெடியுப்பு என்றான். குண்டு நம் சொல், திரி நம் சொல், வேட்டு நம் சொல், சுடு என்ற வினையும் நம் வினை. பீரங்கியின் பெயரும் அதை இயக்கும் வித்தையும் வெளியிலிருந்து வந்தன. மருந்து அரைத்ததும் குண்டு வார்த்ததும் உள்ளூர்ப் பட்டறை. தஞ்சாவூர் பீரங்கி மேட்டில் இருக்கும் ராஜகோபால பீரங்கி ரகுநாத நாயக்கர் காலத்தது. ஏறக்குறைய 7.5 மீட்டர் நீளம், 20 டன்னுக்கு மேல் எடை. அதை வார்க்கவில்லை. இரும்புப் பட்டைகளையும் வளையங்களையும் உலையில் காய்ச்சி அடித்து ஒட்டியிருக்கிறார்கள். அந்தக் கொல்லர்கள் தங்களுக்குள் என்ன சொற்களில் பேசினார்கள் என்பது நமக்குக் கிடைக்காமல் போனது பெரிய இழப்பு.

வாணமும் அப்படி ஒரு சொல். ஹைதர் அலி, திப்பு படையின் இரும்புக் குழாய் வாணங்கள் 1780 செப்டம்பர் 10 அன்று காஞ்சிபுரத்தை அடுத்த பொள்ளிலூரில் கர்னல் பெய்லியின் படையைச் சிதறடித்தன. அடுத்த ஆண்டு ஜூலை 1 அன்று பறங்கிப்பேட்டையில் ஆங்கிலத் தளபதி அயர் கூட்டிடம் ஹைதர் தோற்றார். சண்டை போய்விட்டது. வாணம் கோயில் திருவிழாவில் வேடிக்கையாகத் தொடர்கிறது. 1801 டிசம்பர் 1 அன்று சென்னை அரசு பாளையக்காரர் பகுதிகளில் ஆயுதங்களை ஒப்படைக்கவும் கோட்டைகளை இடிக்கவும் பிரகடனம் போட்டது. பட்டறை மூடினால் பட்டறைச் சொல்லும் மூடும். வளரி எறிவதைச் சின்ன மருதுவிடம் கற்றதாகக் கர்னல் ஜேம்ஸ் வெல்ஷ் தன் நினைவுக்குறிப்பில் எழுதிவைத்தார். அப்படி ஓர் ஆங்கிலேயர் எழுதியிராவிட்டால் அந்த ஆயுதத்தைப் பற்றி நாம் அறிவது இன்னும் குறைந்திருக்கும்.

பயிற்சிதான் கேள்வியின் நடு முடிச்சு. அதற்கு நம் மாவட்டத்தைவிடப் பொருத்தமான இடம் தமிழ்நாட்டில் இல்லை. 1690இல் செஞ்சியிலிருந்த மராத்திய மன்னர் ராஜாராமிடமிருந்து ஆங்கிலக் கும்பெனி தேவனாம்பட்டினம் கோட்டையை வாங்கியது. கோட்டையிலிருந்து பீரங்கிக் குண்டு போய் விழும் தூரம் வரை உள்ள நிலமும் சேர்த்து விற்கப்பட்டது. குண்டு விழுந்த எல்லைக்குள் வந்தவை குண்டு கிராமங்கள் ஆயின. புனித டேவிட் கோட்டை என்று பெயர் மாறிய அந்த இடம், 1746இல் சென்னை பிரெஞ்சுக்காரர் வசம் போன பிறகு, சோழமண்டலக் கரையில் ஆங்கிலேயரின் தலைமையிடமானது. 1748 தொடக்கத்தில் மேஜர் ஸ்டிரிங்கர் லாரன்ஸ் அங்கே வந்து இறங்கினார். சிதறிக் கிடந்த கும்பெனி ஆட்களைப் படையாக ஒழுங்குபடுத்தினார். இந்திய ராணுவத்தின் தந்தை என்று அவரைச் சொல்லும் வழக்கம் அங்கே தொடங்கிய வேலையால் வந்தது. அவரிடம் உருவானவர்களில் ஒருவர் யூசுப் கான், நாம் மருதநாயகம் என்று சொல்கிறவர். பின்னால் அதே கும்பெனியை எதிர்த்து 1764இல் மதுரையில் தூக்கிலேறினார்.

1758 ஜூன் 2 அன்று லாலியின் பிரெஞ்சுப் படையிடம் கோட்டை விழுந்தது, இடிக்கப்பட்டது. அங்கே பிறந்த பயிற்சி முறை மட்டும் இடியவில்லை. அதன் மொழியைப் பாருங்கள். ஆள் தமிழன் அல்லது தெலுங்கன். அவனுக்குப் பெயர் சிப்பாய், பாரசீகம். அவன் மேலுள்ள நாயக், ஹவில்தார், ஜமேதார், சுபேதார் எல்லாம் தக்காணத்து அரண்மனைகளிலிருந்து வந்த பட்டங்கள். செஞ்சியை ஆண்ட நாயக்கரின் பட்டம் பத்துப் பேருக்குத் தலைவனான நாயக்கின் பட்டமாகச் சுருங்கியது. அதிகாரி அவனோடு பேசியது இந்துஸ்தானியில். கவாத்துக் களத்தில் கட்டளை ஆங்கிலத்தில். வலமிடம் தெரியாத ஆட்களின் ஒரு காலில் ஓலையும் மறுகாலில் சீலைத்துணியும் கட்டி 'ஓலைக்கால், சீலைக்கால்' என்று நடக்கப் பழக்கினார்கள் என்று ஒரு செவிவழிச் செய்தி உண்டு. அது உண்மையென்றால், அந்தக் காலத்துக் கவாத்தில் ஒலித்த தமிழ்ச்சொற்கள் அவைதான். புதுச்சேரியில் 1736 முதல் 1761 வரை நாட்குறிப்பு எழுதிய ஆனந்தரங்கப் பிள்ளையின் பக்கங்களில் சிப்பாயும் சொல்தாதும் கும்பெனியும் முசியேவும் தமிழ் இலக்கணத்துக்குள் வேற்றுமை உருபு ஏற்று இயல்பாக நடமாடுகிறார்கள். அந்த நாட்குறிப்பைப் படைச்சொல் அகராதியாக ஒருவர் உட்கார்ந்து பிரித்தெடுத்தால் நூறு ஆண்டு வெற்றிடம் நிரம்பும்.

கட்டளையின் மொழியும் உடுப்பின் விதியும் உடம்பைத் தொடும்போது என்ன ஆகும் என்பதை 1806 ஜூலை 10 அன்று நடந்த வேலூர்ச் சிப்பாய்க் கிளர்ச்சி காட்டியது. தலைப்பாகை, காதணி, நெற்றிக்குறி பற்றிய புதிய உத்தரவுகள் எரிச்சலின் பெரும்பகுதி. சண்டை ஆயுதத்தைப் பற்றியதாக இருக்கவில்லை.

ஊரில் தொடர்ந்த பயிற்சி சிலம்பம். களம், வரிசை, வீச்சு, காலடி, தடுப்பு என்று அதன் சொற்கள் தமிழ். சொல்லிக்கொடுப்பவர் கம்பு வாத்தியார் அல்லது ஆசான். சில ஊர்களில் தொடக்க வணக்கத்துக்குச் சலாம் வரிசை என்று பெயர். நவாப் காலத்துக் காற்று அதுவரை வீசியிருக்கிறது. மற்றபடி ஆசானின் குரல் தமிழ்க்குரலாக இருந்ததால் சொல்லும் மாறவில்லை. ஒரே ஊரில் ஒரே காலத்தில் பட்டாளத்துக் கவாத்தும் சிலம்பக் களமும் இருந்தன. ஒன்றில் தமிழ் போனது, மற்றொன்றில் நின்றது. என் வாதத்துக்கு இதைவிடத் தெளிவான சான்று எனக்குக் கிடைக்கவில்லை.

கடல் கடந்தும் இதே வடிவம்தான். 1943இல் சிங்கப்பூரில் நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்திலும் ஜான்சி ராணிப் படையிலும் மலாயா ரப்பர்த் தோட்டத்துத் தமிழ் ஆண்களும் பெண்களும் பெருவாரியாகச் சேர்ந்தார்கள். பொதுமொழி ரோமன் எழுத்தில் எழுதிய இந்துஸ்தானி. சேர்ந்தவர்களின் உறுதி தமிழில் இருந்தது, கட்டளை வேறு மொழியில் வந்தது.

விடுதலைக்குப் பின் படையின் கட்டளை ஆங்கிலத்திலிருந்து இந்திக்கு மாறியது. சாவ்தான் (நிமிர்ந்து நில்), விஷ்ராம் (இயல்பாக நில்), தாஹினே முட் (வலப்பக்கம் திரும்பு), தேஸ் சல் (விரைந்து நட), தம் (நில்). பள்ளி கல்லூரிகளில் என்.சி.சி. வழியாக இதே சொற்கள் வந்தபோது தமிழ்நாட்டு மாணவர் எதிர்த்தார்கள். 1968 ஜனவரி 23 அன்று அண்ணா முதலமைச்சராக இருந்தபோது சட்டமன்றம் நிறைவேற்றிய மொழித் தீர்மானத்தில் இருமொழிக் கொள்கையோடு என்.சி.சி.யின் இந்திக் கட்டளைச் சொற்களைக் கைவிடுவதும் இடம்பெற்றது. அந்தத் தீர்மானத்தைப் பள்ளிப் பாடமொழி விவகாரமாக மட்டுமே நாம் நினைவில் வைத்திருக்கிறோம். கட்டளை எந்த மொழியில் வருகிறதோ அந்த மொழிக்குத்தான் உடம்பு பணியும் என்பதை அந்தத் தலைமுறை உணர்ந்திருந்தது. இன்று நெய்வேலி நகரியத்துச் சாலைகளில் விடியுமுன் ஓடிப் பழகும் பையன்கள் ராணுவத்திலோ, சுரங்கத்தையும் அனல்மின் நிலையத்தையும் காவல் காக்கும் மத்தியத் தொழிற் பாதுகாப்புப் படையிலோ சேர்ந்தால் அவர்கள் காதில் விழப்போவது அதே சாவ்தான்தான். விடுப்பில் வரும்போது லங்கர், மோர்ச்சா, பிட்டு, ரகடா என்று அம்மாவிடம் பேசுகிறார்கள். முறையே சமையற்கூடம், பதுங்குநிலை, முதுகுப்பை, உடலை முறிக்கும் தண்டனைப் பயிற்சி. வெலிங்டனைத் தலைமையகமாகக் கொண்ட மதராஸ் ரெஜிமெண்டின் போர்முழக்கம் மட்டும் வேறு: வீர மதராசி, அடி கொல்லு, அடி கொல்லு. பாய்ந்து போகும் அந்த நொடியில் வீரன் கத்துவது தன் தாய்மொழியின் ஏவல்வினை.

கட்டளை தமிழில் இருந்தால் என்ன நடந்திருக்கும் என்பதற்கு விடை இலங்கையில் கிடைக்கிறது. அங்கே நடந்த நீண்ட போரில் தமிழ்ப் போராளி இயக்கங்கள் கட்டளை, பயிற்சி, அறிக்கை எல்லாவற்றையும் தமிழில் நடத்தின. சில பத்தாண்டுகளில் எறிகணை, உந்துகணை, காப்பரண், மண் அணை, முன்னரங்கு, படையணி, மிதிவெடி, பல்குழல் பீரங்கி என்று ஒரு முழுச் சொல்லகராதி உருவானது. சங்ககாலத்துக் கணை எறிகணைக்குள் புகுந்தது, வள்ளுவரின் அரண் காப்பரணுக்குள். இதைப் பெருமையாக மட்டும் எழுத என்னால் முடியாது. அந்தச் சொற்களைக் கற்றுக்கொள்ள அந்த மக்கள் கொடுத்த விலை தெரிந்தும் சொல்வளத்தைக் கொண்டாடுவது மனசாட்சிக்கு ஒவ்வாது. இன்னொன்றையும் பார்க்க வேண்டும். அறிக்கையில் எறிகணை வீச்சு என்று எழுதப்பட்டதைப் பொதுமக்கள் 'ஷெல் அடி' என்றார்கள். பதுங்குகுழி அவர்கள் வாயில் பங்கர், காவல்நிலை சென்றி, படையினர் ஆமிக்காரர். போர் முடிந்த பின்னும் மிதிவெடி என்ற சொல் நிலைத்திருக்கிறது, ஏனென்றால் வெடி இன்னும் மண்ணுக்குள் இருக்கிறது. அதை அகற்றும் வேலையில் தமிழ்ப் பெண்கள் பலர் இருக்கிறார்கள், அவர்கள் தொழிலின் சொல் அது.

நம் பக்கம் படைக்குள் இடமில்லாமல் போன சொற்கள் வேறு வீடு தேடிக்கொண்டன. அரசியல் அவற்றைத் தத்தெடுத்தது. தளபதி, பாசறை, களம், தொண்டர் படை, வாகை, முற்றுகை எல்லாம் மேடையில் வாழ்கின்றன. தலைமைச் செயலகம் புனித ஜார்ஜ் கோட்டைக்குள் இருப்பதால் ஆட்சியைப் பிடிப்பதே கோட்டையைப் பிடிப்பதாகிவிட்டது. நெய்வேலியில் நிலம் கொடுத்தவர்களும் ஒப்பந்தத் தொழிலாளரும் நடத்தும் போராட்டத்துக்கு முற்றுகை என்று பெயர். உழிஞைத் திணையின் சொல் சுரங்க வாசலில் நிற்கிறது. இயக்கங்களில் கட்டளை தமிழில் இருக்கிறது, அதனால் சொல் அங்கே போனது. வேறு சில சொற்கள் அலுவலகத்துக்கு இறங்கின. சோழர் படையின் சேவகர் டவாலிச் சேவகர் ஆனார். குதிரைப்படையின் தபேதார் மாவட்ட ஆட்சியரின் அறை வாசலில் நிற்கும் டபேதார் ஆனார். பட்டாளம், பெரும்படையின் ஓர் அலகாக வந்த ஐரோப்பியச் சொல், சென்னையில் ஒரு பகுதியின் பெயராகவும் கிராமத்தில் 'பட்டாளத்துக்காரர் வீடு' என்ற அடையாளமாகவும் தங்கியது.

அரசு சொல் உருவாக்கினால் நிலைக்காதா என்று கேட்கலாம். காவல்துறையைப் பாருங்கள். காவலர், தலைமைக் காவலர், உதவி ஆய்வாளர், ஆய்வாளர் எல்லாம் எழுத்தில் உறுதியாக நிலைத்துவிட்டன. முத்தாண்டிக்குப்பம் காவல் நிலையத்துக்குப் புகார் எழுதுபவர் உதவி ஆய்வாளர் என்றுதான் எழுதுவார், பேசும்போது எஸ்.ஐ. என்பார். பாதி வெற்றி இது, குறைத்து மதிப்பிட வேண்டியதில்லை. ஆவடியில் டாங்க் செய்கிறோம், திருச்சியில் துப்பாக்கி செய்கிறோம், அருவங்காட்டில் 20ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலிருந்து வெடிமருந்து செய்கிறோம். 2019இல் தொடங்கிய பாதுகாப்புத் தொழில் வழித்தடம் ஓசூரையும் திருச்சியையும் உள்ளடக்கியது. இந்தத் தொழிற்சாலைகளில் தமிழ்த் தொழிலாளர் தங்களுக்குள் பேசும் சொற்களை எந்த அகராதியிலும் நான் காணவில்லை. 1924 முதல் 1936 வரை வெளிவந்த சென்னைப் பல்கலைக்கழகத் தமிழ் லெக்சிகன் கவாத்தையும் அலங்கத்தையும் பவுஞ்சையும் பதிந்ததால்தான் இந்தக் கட்டுரைக்கே கால் கிடைத்தது. அதற்குப் பின் வந்த படைப்பேச்சுக்கு அப்படி ஒரு பதிவு வேண்டும்.

தொடங்க வேண்டிய இடம் பல்கலைக்கழகமாக இருக்க வேண்டியதில்லை. ஒவ்வொரு மாவட்டத்திலும் முன்னாள் படைவீரர் நல அலுவலகம் இருக்கிறது. கடலூர் மாவட்டத்தில் 1962, 1965, 1971 போர்களைக் கண்ட தலைமுறையில் எஞ்சியிருப்பவர்கள் மிகவும் வயதானவர்கள். அவர்களோடு உட்கார்ந்து கேட்க வேண்டிய கேள்விகள் எளியவை. துப்பாக்கியைப் பிரித்துச் சேர்க்கும்போது ஒவ்வொரு உறுப்பையும் பக்கத்திலிருந்த தமிழ் நண்பனிடம் என்ன பெயரில் கேட்டீர்கள்? இரவுக் காவலில் தூங்கியவனை என்ன சொல்லி எழுப்பினீர்கள்? புதிதாக வந்த பையனுக்கு வலமிடம் எப்படிச் சொல்லிக்கொடுத்தீர்கள்? சுபேதாருக்குக் கேட்காமல் இருக்க எந்தச் சொல்லை மாற்றிப் பேசினீர்கள்? விடைகளை அந்தந்த ஊர்ப் பேச்சிலேயே, திருத்தாமல் எழுத வேண்டும்.